ஒரு தரம் மட்டும் கேட்பவர்கள்

தொண்ணூறுகளின் நடுவில் ஒரு கோடையில், காசு கொடுத்துக் காலைப் புண்ணாக்கிக்கொள்ள நான் சுவீடனின் வட கோடிக்குப் போனேன். எட்டு நாள் நடை. வழிகாட்டி ஒருவர், நடப்பவர்கள் ஆறு பேர். வீதி கிடையாது, கடை கிடையாது. கூடாரமும் சாப்பாடும் நம் முதுகில். அப்போது எனக்கு நாற்பத்தொரு வயது. லண்டனில் ஓர் ஆஸ்பத்திரியின் ஆய்வுகூடத்தில் இரத்தம் பரிசோதிக்கும் வேலை. கல்யாணம் செய்யவில்லை. ரெய்னர்ஸ் லேனில் ஒற்றைப் படுக்கையறை ஃபிளாட் ஒன்றில் பதினொரு வருடமாகத் தனியாக இருந்தேன்.

பனியையோ மானையோ பார்க்கிற ஆசை எனக்கு இருக்கவில்லை. கூட வேலை செய்த ஒருத்தி முந்தின வருடம் போய்வந்து, அந்த நடையைப் பற்றிய துண்டுப் பிரசுரத்தைச் சாப்பாட்டு மேசையில் போட்டிருந்தாள். ‘சேர்ந்து நடப்போம், சேர்ந்து சமைப்போம், கூடாரங்களைப் பகிர்ந்துகொள்வோம்’ என்று அதில் எழுதியிருந்தது. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், அந்த ஒரு வரிக்காகத்தான் போனேன். லீவு வந்தால் திரைச்சீலை தோய்த்துக் காயப்போடுகிறவள் நான். கடைக்காரரைத் தவிர ஒரு சீவனும் என்னோடு கதைக்காத கிழமைகள் இருந்திருக்கின்றன.

வெஸ்ட் ஈலிங் கோயிலில் பிரசாதத்துக்கு நிற்கும்போது, தெரிந்த அம்மா ஒருவரிடம் வாய்தவறிச் சொல்லிவிட்டேன்.

“தனியவோ போறியள்?” என்றார் அவர். “காடு பாக்கவோ? ஏன், எங்கட வன்னியில இல்லாத காடோ? சண்டைக்குத் தப்பி நாங்கள் அதுக்குள்ளால சும்மா நடந்து வந்தனாங்கள், ஒருதரும் வழி காட்டேல்லை.”

அவர் சொன்னதில் பிழையில்லை. ஆனாலும் நான் விடவில்லை. பத்துக் கிலோ அரிசிப் பையை முதுகுப்பைக்குள் வைத்துக்கொண்டு, ஞாயிறு தோறும் ஹாரோ குன்றுவரை ஏறி இறங்கினேன். சப்பாத்தை மட்டும் மெல்லிய சொக்ஸ் போட்டு அளவு பார்த்து வாங்கிவிட்டேன். அங்கே போட வேண்டியது தடித்த கம்பளிச் சொக்ஸ். அந்தப் பிழையின் விலை பிறகு தெரிந்தது.

வழிகாட்டிக்கு ஐம்பது வயதிருக்கும். ஒல்லியான, அதிகம் பேசாத சுவீடன்காரர். நடப்பவர்களில் ஓர் ஆசிரியத் தம்பதி, ஒரே கந்தோரில் வேலை செய்யும் மூன்று சிநேகிதிகள், பிறகு நான். எல்லோரும் இங்கிலாந்திலிருந்து வந்தவர்கள். முதல் நாள் மாலை வழிகாட்டி கூடாரங்களைப் பங்கிட்டார். தம்பதிக்கு ஒன்று. அந்த மூவரும் நானும் இரண்டிரண்டு பேராகப் படுக்கலாம். அல்லது மூவரும் பெரிய கூடாரத்தில் நெருக்கிப் படுத்தால், ஒருவர் மட்டும் படுக்கும் சின்னக் கூடாரம் ஒன்று எனக்கு இருக்கிறது. எது விருப்பம் என்று என்னைக் கேட்டார்.

இனி நான் செய்ததைக் கேளுங்கள். “எனக்கு எதுவும் சரி, சின்னதிலேயே படுக்கிறேன்” என்றேன்.

எங்கள் ஆட்களுக்கு இதை விளங்கப்படுத்தத் தேவையில்லை. யாழ்ப்பாணத்து வீடு எதற்குப் போனாலும் தேத்தண்ணி வேண்டுமா என்று கேட்பார்கள். நாங்கள் “ஐயோ வேண்டாம், இப்பதான் குடிச்சிட்டு வாறன்” என்போம். அவர்கள் “அதென்ன கதை” என்று அடுப்பை மூட்டிவிடுவார்கள். முதலாவது ‘வேண்டாம்’ மரியாதைக்கு. இரண்டாம் தரம் கேட்பதும் மரியாதைக்கு. முதல் கேள்விக்கே ஓமென்று தலையாட்டுகிறவரைப் பற்றி வீட்டுக்காரர் பிறகு கதைப்பார்கள். ஆகவே “சீச்சீ, ஏன் தனியாக, எங்களோடு வாருங்கள்” என்று அந்த மூவரில் ஒருத்தி சொல்வாள் என்று காத்திருந்தேன். “நிச்சயமாகவா?” என்றாள் ஒருத்தி. ஆங்கிலேயர் அப்படிக் கேட்பது கதவைச் சாத்துமுன் போடுகிற கும்பிடு மாதிரி. “எவ்வளவு நல்ல மனம் உங்களுக்கு” என்றாள் மற்றவள். சின்னக் கூடாரத்தைத் தூக்கி என் கையில் தந்துவிட்டார்கள்.

ஜூலை மாதம் அங்கே சூரியன் மறைவதில்லை. மஞ்சள் துணிக்குள் முழு வெளிச்சத்தில் கண் மூடாமல் கிடந்து, பத்தடி தூரத்தில் அந்த மூவரும் சிரிப்பதைக் கேட்டேன். வெளியே நுளம்புகள் துணியில் மழை தூறுவதுபோல மோதிக்கொண்டிருந்தன. ஆயிரத்து ஐந்நூறு மைல் தள்ளி வந்து ரெய்னர்ஸ் லேனிலேயே படுத்திருக்கிறேன் என்று எனக்கே என்மேல் எரிச்சல் வந்தது.

நடை பற்றிச் சொன்னால், அது நடையே அல்ல. ஆளுயரமே இருக்கும் கோணல் பேர்ச் மரங்களுக்குள் குனிந்து நுழைய வேண்டும். அது முடிந்தால் சதுப்பு. ஒவ்வொரு அடிக்கும் நிலம் காலைப் பிடித்து இழுத்து, மனமில்லாமல் விடும். அதற்கப்பால் கல்வெளி. ஆட்டுக்குட்டி அளவிலிருந்து கார் அளவு வரை கற்கள், மணிக்கணக்காக. இரண்டாம் நாளே வலது குதிக்காலில் தோல் உரிந்துவிட்டது. மத்தியானம் வழிகாட்டி எல்லோரையும் பார்த்து, “கால்கள் எப்படி?” என்று கேட்டார். “பிரச்சினை இல்லை” என்றேன். அவர் தலையசைத்துவிட்டு நடந்தார். இரவுச் சாப்பாட்டுக்குப் பானையைத் தூக்கிக் காட்டி, “இன்னும் வேண்டுமா?” என்றார். எனக்குப் பசி தீரவில்லை. “போதும்” என்றேன். பானை அடுத்தவரிடம் போனது. அது திரும்பி வருமென்று நான் தட்டைக் கழுவாமல் வைத்திருந்ததை நினைத்தால் இப்போதும் சிரிப்பும் அழுகையும் வருகிறது.

மூன்றாம் நாள் ஓர் ஏரிக்கரைக் குடிசைக்கு வந்து சேர்ந்தோம். அங்கே வழிகாட்டி எங்களை வட்டமாக இருத்தினார். காலையில் ஒரு படகு வரும், திரும்ப விரும்புகிறவர்கள் அதில் போகலாம், இதைவிட்டால் கடைசி நாள்வரை வெளியேற வழியே இல்லை என்றார். ஒவ்வொருவராகக் கேட்டுக்கொண்டு வந்தார். என் முறை வந்தது. சப்பாத்துக்குள் சொக்ஸ் இரத்தத்தில் ஒட்டிக் கிடந்தது. என் முகத்தைப் பார்த்தாலே ஒரு மனிதனுக்குத் தெரியாதா? இன்னொரு தரம் கேட்டால் உண்மையைச் சொல்லலாம் என்று நினைத்துக்கொண்டு, “நடக்கிறேன், பிரச்சினை இல்லை” என்றேன். அவர் அடுத்தவரிடம் திரும்பிவிட்டார். அவர்மேல் எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல.

ஐந்தாம் நாள் ஆறு. பாலம் இல்லை. பனி உருகி வருகிற சாம்பல் நிறத் தண்ணீர், முழங்காலுக்கு மேலே, நல்ல இழுவை. தம்பதி கைகோத்துப் போனார்கள். மூன்று பெண்களும் ஒருவர் தோளை ஒருவர் பிடித்துக்கொண்டு போனார்கள். பைகளை அக்கரைக்குச் சுமந்துகொண்டிருந்த வழிகாட்டி என்னிடம், “தனியாக வர முடியுமா?” என்று கேட்டார். நான் என்ன சொல்லியிருப்பேன் என்று உங்களுக்குத் தெரியும்.

நடு ஆற்றில் கால்கள் இருக்கின்றனவா இல்லையா என்பதே தெரியாமல் போய்விட்டது. ஊன்றுகோல் கற்களுக்கிடையில் சிக்கிக்கொண்டது. முன்னே வைக்கவும் முடியவில்லை, பின்னே வைக்கவும் முடியவில்லை. அக்கரையில் ஆறு பேரும் நின்று என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வழிகாட்டியும் பார்த்துக்கொண்டுதான் நின்றார், ஏனென்றால் நான் முடியும் என்று சொல்லியிருந்தேன். இங்கேயே விழுந்து போனாலும் இவர்கள் மரியாதையாகப் பார்த்துக்கொண்டிருப்பார்கள் என்று தோன்றியது. நான் கத்தினேன். ஆங்கிலத்தில் ஒரு சொல்லும் வரவில்லை.

“எனக்கு ஏலாது! ஏலாது!”

அந்த மனிதர் ஒரு கணம்கூடத் தாமதிக்கவில்லை. தண்ணீர் தெறிக்க ஓடிவந்து, இடுப்பில் பிடித்து, என்னை ஒரு மூட்டைபோலக் கரை சேர்த்தார்.

சப்பாத்தைக் கழற்றிக் குதிக்காலைப் பார்த்தவர் மருந்துப் பெட்டியை எடுத்தார். பிறகு, “எப்போதிருந்து?” என்றார்.

“இரண்டாம் நாளிலிருந்து.”

“நான் கேட்டேன். குடிசையிலும் கேட்டேன்.”

“ஒவ்வொரு முறையும் ஒரு தரம்தான் கேட்டீர்கள்” என்றேன். பல் கிடுகிடுத்தாலும் என் குரலில் வழக்காடுகிற தொனி இருந்தது.

அவர் மருந்து போட்டுக்கொண்டே யோசித்தார். “நீங்கள் சொன்னதை நம்பினேன். திரும்பக் கேட்டால் உங்களை நம்பவில்லை என்றல்லவா ஆகும்?” என்றார். கேலியில்லாமல், உண்மையாகவே விளங்காமல் கேட்டார்.

அன்றைக்கு என் பையின் பாரத்தை அவர் எடுத்துக்கொண்டார். பானை வந்தபோது முதல் கேள்விக்கே தட்டை நீட்டினேன். கூடாரத்தை மட்டும் மாற்றித் தரச்சொல்லிக் கேட்கவில்லை. அவ்வளவுக்கு எனக்கு வெட்கம் கெடவில்லை.

ஆனால் அந்த மஞ்சள் வெளிச்சத்தில் அன்று படுத்திருந்தபோது என் கோபம் அவரிடமிருந்து மெல்லக் கழன்று என்மேலேயே வந்து உட்கார்ந்தது. எனக்கு ஒரு தங்கை. கொழும்பில், வெள்ளவத்தையில், ஒரு வாடகை அறையில் இரண்டு பிள்ளைகளோடு இருந்தாள். அவளுடைய புருஷன் இறந்த மூன்றாம் மாதம் தொலைபேசியில் நான், “பிள்ளையளையும் கூட்டிக்கொண்டு இஞ்ச வாவன், என்னோட இருக்கலாம்” என்றேன். “வேண்டாம் அக்கா, உங்களுக்கு ஏன் கரைச்சல்” என்றாள் அவள். நான் சரி என்றேன். அந்த வேண்டாம் எந்த வேண்டாம் என்று அந்த வழிகாட்டிக்குத் தெரியாது; எனக்குத் தெரியும். ஒரு படுக்கையறையில் நாலு பேர், பள்ளிக்கூடம், கவுன்சில், விசா என்று எல்லாம் ஒரே நொடியில் கண்முன்னே ஓடியது. அவளை நம்பியதுபோல நடித்துவிட்டு ரிசீவரை வைத்தேன். அது நடந்து இரண்டு வருடம் ஆகியிருந்தது. இடையில் எத்தனையோ தரம் பேசியிருக்கிறோம். அந்தக் கதையை நான் எடுக்கவேயில்லை.

மிச்ச மூன்று நாளும் எப்படி நடந்தேன் என்று ஞாபகமில்லை. லண்டனுக்கு வந்து, பையை அவிழ்க்காமல், அவளுக்குத் தொலைபேசி எடுத்தேன்.

“பிள்ளையளோட இஞ்ச வந்திடு” என்றேன்.

“என்னக்கா திடீரெண்டு? வேண்டாம், நாங்கள் நல்லா இருக்கிறம்.”

“வா எண்டுறன்.”

“இல்லையக்கா.”

“நான் சும்மா கேக்கேல்லை. எனக்குத் தனிய இருக்க ஏலாமக் கிடக்கு. வா.”

அவளுக்குப் பின்னால் பிள்ளைகளில் ஒன்று என்னவோ பாடம் சத்தமாக வாசித்துக்கொண்டிருந்தது.

“பெரியவன்ர பள்ளிக்கூடம் இப்ப நல்லாப் போகுது” என்றாள். “எனக்கும் ஒரு வேலை கிடைச்சிருக்கு. இனி ஏலாதக்கா.” பிறகு, கோபம் ஒரு துளியும் இல்லாமல், “அண்டைக்கு நீங்கள் இன்னொருக்காக் கேப்பியள் எண்டு ஒரு மாசமா ஃபோன் பக்கத்திலயே படுத்தனான்” என்றாள்.