பேச்சு இல்லாத இடம்

எழுபதுகளில் நான் காரைக்குடித் தியேட்டர் ஒன்றில் ஆபரேட்டராக இருந்தேன். ஒரு நாள் மேட்னி முடிந்ததும், நரைத்த கிருதா வைத்த ஒல்லியான மனிதர் ஒருவர் புரொஜெக்டர் அறைக்கு வந்தார். பக்கத்துப் புதுவயல்காரராம். பேசும்போதெல்லாம் அவருடைய இடது கை விரல்கள் குடைக்காம்பை அழுத்தி அழுத்தி எடுத்தபடியே இருந்தன.

“பேச்சு இல்லாத எடத்துலயெல்லாம் சத்தத்தைக் குறைச்சுப்புட்டீகளே, ஏன்?” என்றார்.

“யாரும் பேசாதப்ப சத்தம் எதுக்குண்ணே? ஸ்பீக்கர் வேற கரகரங்குது” என்றேன்.

அவர் கோபப்படவில்லை. “இருவது வருசம் மத்தவக பாட்டுக்குக் கிதார் வாசிச்சேன். இப்பத்தான் மொதமொதல்ல ஒரு படத்துக்கு நானே மியூசிக் போட்டிருக்கேன். பாட்டை எப்படியும் கேட்டுருவாக. பேச்சு இல்லாத அந்த எடந்தேன் என் வேலை. அங்க என் கைவரிசையைக் காட்டலை, காட்சிக்கு எது வேணுமோ அதைத்தேன் போட்டிருக்கேன். நம்மூர்ச் சனம் கேக்குறதைப் பாக்கணும்னு மெட்ராஸ்லருந்து வந்தேன்.”

எனக்கு முகத்தில் அறைந்த மாதிரி இருந்தது. சாயங்கால ஆட்டத்தில் சத்தத்தைக் குறைக்கவே இல்லை. கிதார்க்காரர் படமாயிற்றே, கிதாரை அள்ளித் தெளித்திருப்பார் என்று காதைத் தீட்டிக்கொண்டு நின்றேன். வயலின் வந்தது, குழல் வந்தது. கதாநாயகி தனியாக நடந்துபோகையில் ஒற்றை மோர்சிங் வந்தது. திரையில் ‘வணக்கம்’ போடும்வரை கிதார் மட்டும் வரவே இல்லை.