வெயிலில் வைத்த டின்

நாகர்கோவிலில் காலை ஆறு மணி பஸ். திருவனந்தபுரம் நாற்பது மைல், டிக்கெட் மூன்று ரூபாய். களியக்காவிளை தாண்டுவதற்குள், என் மகன் செல்வன் சினிமா எடுக்கிற காமிராக்காரன் என்பதைப் பக்கத்துச் சீட்டுக்காரியிடம் மூன்று தடவை சொல்லிவிட்டேன்.

"அப்போ மோனுக்கு நல்ல காசாயிருக்குமே, அம்மச்சி?"

"எங்க? மெட்ராஸ் ஸ்டுடியோ வேலைய விட்டுட்டான். இப்ப சிநேகிதன் எடுக்குத படம். சோத்துக்கே பாடாக்கும்."

இருவரும் சிரித்தோம்.

ஒன்பது மணிக்குக் கிழக்கேகோட்டை. செல்வன் வற்றிப்போய் நின்றான். அங்கிருந்து பத்து மைல் விழிஞ்ஞம். கடல்மேல் முதல் மழை ஏறி வருவதை எடுக்கப் பதினொரு நாளாகக் காத்திருக்கிறார்களாம். மிச்சம் ஒரே சுருள் ஃபிலிம்.

மூன்று மணிக்குக் கருத்தது. "எம்மா, பாரு" என்று காமிராவில் குனியவைத்தான். ஈயத்தகடு போலக் கடல். மேகத்தடியில் ஒற்றை வள்ளம். பிறகு அவன் குனிந்தான். காமிரா ஓடி முடியும்வரை கண்ணை எடுக்கவில்லை.

"கண்ண எடுத்தா நாம பாக்குத ஓட்ட வழியா வெளிச்சம் ஏறிரும். ஃபிலிமுக்கு வெளிச்சம்தான் எமன்."

கருப்புப் பைக்குள் கைவிட்டு, பார்க்காமலே சுருளை டின்னில் அடைத்து நாடா ஒட்டினான். திருவனந்தபுரம் திரும்பி, சாலைக் கடைத்தெருவில் அவன் அறை வரும்வரை அதை மடியிலேயே வைத்திருந்தேன்.

"தொறந்திராத, அது போதும்."

மறுநாள் முழுக்க மழை. ஓடு ஒழுகி டின் நனைந்தது. மூன்றாம் நாள் நல்ல வெயில். செல்வன் மெட்ராஸ் ரயிலுக்கு டிக்கெட் எடுக்கப் போயிருந்தான். அறையை வாடகைக்கு விட்ட வீட்டுக்காரி முற்றத்தில் மிளகாய் காயப்போட்டாள். எங்கள் ஊரில் நனைந்ததை வெயிலில் வைக்காத வீடு கிடையாது. டின்னைத் துடைத்து அவள் பாயின் ஓரத்தில் வைத்தேன். நாடாவைத் தொடவில்லை. காக்கை வராமல் பார்த்துக்கொண்டு, பதினொன்றிலிருந்து இரண்டு மணிவரை ஊர்க்கதை பேசினோம்.

செல்வன் வந்து டின்னை எடுத்தான். சூடு பொறுக்காமல் கை மாற்றினான்.

"நான் தொறக்கல மக்களே."

"தெரியும்மா."

மூடிமேல் சிவப்பாக ஏதோ அச்சடித்திருந்தது. எனக்கு எழுத்து தெரியாது. "என்ன போட்டிருக்கு?"

"குளுந்த எடத்துல வைக்கணும்னு."

டின்னைத் துண்டில் சுற்றிப் பைக்குள் வைத்தான். திட்டியிருக்கலாம்.

மெட்ராஸில் கழுவிப் பார்த்துவிட்டு ஆறாம் நாள் திரும்பினான். சூட்டில் சுருள் முழுக்க வெறும் சாம்பல் நிறமாகிவிட்டதாம். மேகமும் இல்லை, வள்ளமும் இல்லை. புதுச் சுருளுக்கு வழியில்லாமல் படத்தை நிறுத்திவிட்டார்கள்.

கிழக்கேகோட்டையில் என்னை பஸ் ஏற்றிவிட்டு, ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

"எம்மா, நீ பாத்தியே. வள்ளம் எங்க இருந்திச்சு?"

"எடது ஓரத்துல மக்களே. மேகம் முட்டுத மாதிரி."

"ஆமா," என்றான். "அங்கதான் வச்சேன்."