ஆட்சேபணையோடு வாங்கிய பணம்

யுத்தம் வந்ததும் லிங்கராஜபுரத்தில் இருந்த எங்கள் முட்டைக்கோஸ் தோட்டத்தை ராணுவத்துக்காக சர்க்கார் எடுத்துக்கொண்டது. நஷ்டஈடு போதாதென்று நான் கொடுத்த மனுவும் தள்ளுபடியானது. கொடுப்பதை வாங்கிக்கொண்டு போய்விடலாமென்று, ஆபீஸில் ரசீதில் கையெழுத்துப் போடக் குனிந்தேன். பக்கத்தில் நின்ற, முன்பின் தெரியாத ஓர் அம்மாள் தடுத்தாள்.

“‘ஆட்சேபணையோட வாங்கறேன்’னு எழுதிட்டுப் போடுங்கண்ணா. அப்பத்தான் கோர்ட்டுக்குப் போக முடியும். நான் அது தெரியாம கைநாட்டு வெச்சுட்டேன்.”

“பின்னே இங்கே எதுக்கும்மா வர்றீங்க?”

“எங்க வூட்டுக்காரரை, இவங்க எடுத்துக்கிட்ட எங்க தோட்டத்துலதான் பொதைச்சோம். இப்ப சுத்தி முள்வேலி. உள்ளே போய் வெளக்கேத்த பர்மிஷன் கேக்கறேன்.”

அவள் சொன்னபடியே எழுதினேன். கோர்ட்டில் கூடுதல் தொகை கிடைத்தது. அதை அவளிடம் சொல்லத்தான் மறுபடி ஆபீஸுக்குப் போனேன். பர்மிஷன் இன்னும் கிடைக்காமல், மடியில் எண்ணெய்ப் புட்டியோடு வராந்தாவில் உட்கார்ந்திருந்தாள். ஜெயித்த செய்தியைச் சொல்லாமல் அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன்.