வெளிநாட்டில் கன்று போட்ட மாடு

1. சேர்ந்த நாள்

நான் படித்தது பி.ஏ. புவியியல். எந்த நாடு எங்கே முடிகிறது என்று மூன்று வருடம் படித்து, வரைபடத் தேர்வை இரண்டாம் முறை எழுதித் தேறியவன். ஆகவே ஐம்பத்திரண்டு வயதில், சுங்குவார்சத்திரத்தைத் தாண்டி ஒரு செல்போன் சார்ஜர் கம்பெனியின் கமர்ஷியல் பிரிவில் சேர்ந்த அன்று, மேனேஜர் வரதராஜன் என்னைக் கேட்டருகே நிறுத்தி வைத்துச் சொன்னது என் பாடப் புத்தகம் எதிலும் இல்லாதது.

"சபாபதி சார், நல்லா கேட்டுக்கோங்க. இந்த கேட்டுக்கு அந்தப் பக்கம் இந்தியா. இந்தப் பக்கம் வெளிநாடு."

அந்தப் பக்கம் பார்த்தேன். ஒரு டீக்கடை, இரண்டு ஷேர் ஆட்டோ, ஒரு லாட்ஜ் போர்டு. இந்தப் பக்கம் பார்த்தேன். பதினாறு அசோக மரக் கன்றுகள். அவற்றில் மூன்று பட்டுப்போயிருந்தன.

"எந்த நாடு சார்?" என்று கேட்டேன். கேலியாகக் கேட்கவில்லை. நான் நிரப்பப்போகும் தாளில் நாட்டின் பெயருக்கு ஒரு கட்டம் இருந்தால் அதில் என்ன எழுதுவது என்ற கவலையில்தான் கேட்டேன்.

"எந்த நாடும் இல்ல சார். சும்மா வெளிநாடு."

சிறப்புப் பொருளாதார மண்டல விதிகள் வந்த புதிது அது. இப்போது இந்த வேலைக்கு வரும் பிள்ளைகளுக்குச் சுருக்கமாகச் சொல்கிறேன். ஏற்றுமதிக்குப் பொருள் செய்யும் தொழிற்சாலைகளைச் சுற்றி வேலி போடுவார்கள். வேலிக்குள் இருக்கும் நிலத்தை வெளிநாடாகக் கருதுவார்கள். உள்ளேயிருந்து ஒரு பொருள் கேட்டைத் தாண்டிப் போனால் அது இந்தியாவுக்கு இறக்குமதி; வரி உண்டு. வெளியிலிருந்து ஒரு பெட்டி ஸ்க்ரூ உள்ளே வந்தால் அது ஏற்றுமதி. இந்த வரவு போக்குக்குத் தாள் தயார் செய்வது என் வேலை. கேட்டை ஒட்டி ஓர் அறையில் மண்டல அதிகாரி உட்கார்ந்திருப்பார். அவர் கையெழுத்து இல்லாமல் ஒன்றும் நகராது.

"ஆளுங்களுக்குமா சார்?" என்று அன்று வரதராஜனைக் கேட்டேன்.

"பொருளுக்கு மட்டும்தான். நீங்க பாஸ்போர்ட்லாம் எடுக்க வேணாம்."

அன்று மாலை வீட்டில் விஷயத்தைச் சொன்னேன். "ஃபாரின் வேலைன்னா சம்பளம் ஏன் இவ்வளவுதான்?" என்று மனைவி கேட்டாள்.

2. சொல் புழங்கிய விதம்

விதிப் புத்தகத்தில் ஒரே ஒரு வாக்கியத்தில் இருந்த 'வெளிநாடு' என்ற சொல், பத்தே நாளில் எல்லோர் வாயிலும் இருந்தது. ஒவ்வொரு வாயிலும் அதற்கு ஒரு பொருள்.

பேக்கிங் லைனில் செல்லத்துரை என்று கோவில்பட்டிப் பக்கத்துப் பையன். "சார், இந்தியாவுக்குப் போயி ஒரு டீ குடிச்சிட்டு வந்துருதேன்" என்று சொல்லிவிட்டுத்தான் கேட்டைத் தாண்டுவான். லேட்டாக வருகிறவர்கள் "இந்தியாவுல டிராஃபிக் சார்" என்பார்கள். சம்பளம் பிடித்தால், "ஃபாரின்லயுமா பிடிப்பாங்க?" என்பார்கள். ஹாஸ்டலில் புதிதாகச் சேர்ந்த ஒருவன் டாலரில் சம்பளம் வரும் என்று நம்பி முதல் மாதச் சீட்டைப் பார்த்து அழுதே விட்டான் என்று கேள்வி. நான் நேரில் பார்க்கவில்லை.

கேட்டில் இருந்த காவலர் முனுசாமி பென்னலூர்க்காரர். அவருக்கு அந்தச் சொல் ஒரு லத்தி மாதிரி.

"யோவ், இது ஃபாரின்யா. இங்கெல்லாம் வெத்தல எச்சி துப்பக் கூடாது" என்று ஒரு லாரி டிரைவரை விரட்டினார்.

"அப்ப ஃபாரின் பாத்ரூமு எங்க கீது? அத்த காட்டு மொதல்ல" என்றார் டிரைவர்.

பாத்ரூம் அப்போது கட்டி முடிக்கப்படவில்லை. முனுசாமி தடுப்புக் கம்பியைத் தூக்கிவிட்டார்.

வரதராஜனுக்கு வெளிநாடு என்றால் தாள். பஞ்சாயத்துக்காரர்களுக்கு வெளிநாடு என்றால் வரி கேட்க முடியாத கட்டடம். எனக்கு வெளிநாடு என்றால் தலைவலி. புவியியல் படித்தவன் என்பதால் எனக்கு மட்டும் கூடுதலாக வலித்தது.

3. "யாரைப் பார்க்க: மாடு"

மண்டலத்தின் பின்பக்கம், ஏரியை ஒட்டி, மதில் இன்னும் எழும்பவில்லை. தற்காலிகமாக ஐந்து வரிசை முள்கம்பி கட்டியிருந்தார்கள். அதில் கீழ் இரண்டு வரிசை தொய்ந்திருந்தது. வரதராஜனிடம் நான் இரண்டு முறை சொல்லியிருந்தேன்.

நான் சேர்ந்து ஒரு வருடம் ஆகும் சமயம், ஒரு நாள் காலை ஷிப்ட் ஏறும் நேரம். முனுசாமி என் மேசைக்கு வந்தார்.

"சார், பின்னாடி ஒரு மாடு கன்னு போட்டுக்கீது."

"யார் மாடு?"

"பிள்ளைப்பாக்கம் எஸ்தரக்கா மாடு. கம்பிக்கு அடில பூந்து வந்துக்கீது."

"கன்று போட்டது கம்பிக்கு வெளியேயா, உள்ளேயா?"

"உள்ளதான் சார். நல்லா உள்ள."

வரதராஜனிடம் சொன்னேன். அவர் முகம் மாறியது. "கேமராவுல விழுந்திருக்கும் சார். நாமளே ஆபீசர்கிட்ட சொல்லிடுவோம்" என்று போனை எடுத்தார். அவர் எடுக்காமல் இருந்திருந்தால் இந்தக் கட்டுரை இதற்கு மேல் இல்லை.

அரை மணியில் எஸ்தர் கேட்டுக்கு வந்து நின்றார். ஐம்பது வயதுக் கைம்பெண். சுங்குவார்சத்திரத்தில் மூன்று டீக்கடைகளுக்குப் பால் ஊற்றுகிறவர். அவரிடம் இருந்தது அந்த ஒரு மாடுதான். முனுசாமி அவருக்கு விசிட்டர் பாஸ் எழுதினார். 'யாரைப் பார்க்க' என்ற கட்டத்தில் 'மாடு' என்று எழுதினார். எனக்குத் தெரிந்து மண்டலத்தில் உண்மையாக நிரப்பப்பட்ட ஒரே பாஸ் அதுதான்.

எஸ்தர் நேராக மாட்டின் பின்பக்கம் போய்க் குனிந்து பார்த்தார்.

"இன்னும் நஞ்சுக்கொடி வுழல சார். கன்னு போட்டு ரொம்ப நேரம் ஆயிருக்கு போல. மாட்டு டாக்டர் சாயங்காலம் நம்ம தெருப் பக்கம்தான் வர்றாரு. அதுக்குள்ள வூட்டுக்கு ஓட்டிகினு போவணும். நஞ்சு உள்ளயே தங்கினா மாடு பூடும்."

டாக்டரையே உள்ளே அழைத்து வரலாமே என்றேன். அவரது ஊசி மருந்து எல்லாம் பொருள்; அவற்றை உள்ளே கொண்டுவர முதல் நாளே மனு கொடுத்திருக்க வேண்டும் என்றார் வரதராஜன். அந்த விதியை அவருக்குச் சொல்லிக் கொடுத்தவன் நான்தான்.

4. அது எங்கேயிருந்து வந்தது

மண்டல அதிகாரிக்கு முப்பது வயது இருக்கும். முதல் பொறுப்பு. எதையும் தப்பாகச் செய்துவிடக் கூடாதே என்ற பயம் அவருக்கும் உண்டு. அந்த வகையில் எனக்கு அவரைப் பிடிக்கும்.

"மாடு பிரச்சினை இல்ல. இந்தியாவுலேருந்து வந்துச்சு, வந்த மாதிரியே திரும்பிப் போகுது. கன்னுக்குட்டிதான் பிரச்சினை. அது எங்கேருந்து வந்துச்சு?"

"மாட்டுலேந்து சார்" என்றார் முனுசாமி.

"அது தெரியுதுய்யா. உள்ள வரும்போது ஒண்ணு. வெளிய போகும்போது ரெண்டு. அப்போ ஒண்ணு உள்ளயே உற்பத்தி ஆயிருக்கு."

வரதராஜன் பதறிப்போனார். "உற்பத்தின்னு மட்டும் எழுதிடாதீங்க சார். எங்களுக்கு சார்ஜர் செய்யத்தான் பர்மிஷன்."

அதிகாரி சுங்கத் தீர்வை அட்டவணையைப் புரட்டினார். அதிகம் புரட்ட வேண்டியிருக்கவில்லை. முதல் அத்தியாயமே உயிருள்ள பிராணிகள். நானும் எட்டிப் பார்த்தேன். மாட்டினம் இருந்தது.

"உயிருள்ள மாடு வெளிநாட்டுலேருந்து வந்தா, முதல்ல தனியா வெச்சு நோய் இருக்கான்னு பாக்கணும்" என்றார் அதிகாரி.

"எங்க சார்?" என்றார் வரதராஜன்.

"மெட்ராஸ்ல."

எஸ்தருக்கு ஆத்திரம் வந்துவிட்டது. "எதுக்கு மெட்ராசு? என் வூடு தோ தெரியுது பாரு சார், அந்தத் தென்ன மரத்தாண்ட. என் மாடு கன்னு போட்டா அது என் கன்னு. இதுல ஃபாரின் எங்கேந்து சார் வந்துச்சி?"

அதிகாரி அட்டவணையின் அடுத்த பக்கத்தைப் புரட்டினார்.

மாட்டை மட்டுமாவது ஓட்டிப் போகட்டும் என்றார் வரதராஜன். நான்கு பேர் தள்ளினோம். கன்றை விட்டு மாடு ஓரடி நகரவில்லை. ஐந்தாவது ஆளாக வரதராஜனே வந்தார். அவர் சட்டையில் சாணம் பட்டதும் அந்த முயற்சி நின்றது. அதன் பிறகு அவருக்கு வேறு யோசனை தோன்றியது.

"அம்மா, அந்தக் கன்ன கம்பெனிக்கே வித்துடுங்க. ஸ்டாக்குல ஏத்திக்கறோம்."

"கன்ன வுட்டுட்டு வந்தா மாடு எப்டி சார் பால் எறக்கும்? நீ சாப்புட்டியா, சாப்புடலியா? பசில பேசற."

மதியம் தாண்டிவிட்டது. மாடு தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு நின்றது. எஸ்தர் அதன் வயிற்றைத் தடவிக்கொண்டே இருந்தார். எனக்கு ரத்த அழுத்த மாத்திரை சாப்பிடும் நேரம். மேசைக்குப் போனேன். மாத்திரையை விழுங்கிவிட்டு விதிப் புத்தகத்தை எடுத்து, அந்த வாக்கியத்தை விரல் வைத்து வார்த்தை வார்த்தையாகப் படித்தேன்.

'வெளிநாட்டு நிலமாகக் கருதப்படும்' என்ற இடத்தோடு நாங்கள் எல்லோரும் நிறுத்திக்கொண்டிருந்தோம். வாக்கியம் அங்கே நிற்கவில்லை. வர்த்தகம், தீர்வை, வரி இவற்றின் பொருட்டு என்று ஒரு பாதி இருந்தது. அதுவரை பல தடவை படித்தும் அந்தப் பாதி என் கண்ணில் தங்கவில்லை.

புத்தகத்தோடு ஓடினேன். அதிகாரி படித்தார். மறுபடி படித்தார். பிறகு எழுந்து, ஏரிப் பக்கம் நடந்து, கன்றின் அருகே குந்தி உட்கார்ந்தார்.

"அம்மா, இந்தக் கன்ன விக்கப் போறீங்களா?"

அது காளைக் கன்று. பால்காரர்கள் காளைக் கன்றை அதிக நாள் வைத்துக்கொள்ள மாட்டார்கள். அது அந்தப் பக்கத்தில் எல்லோருக்கும் தெரியும். எஸ்தர் பொய் சொல்கிறவர் இல்லை. 'ஆமாம், விற்றுவிடுவேன்' என்று சொல்லிவிட்டால் அது வர்த்தகம். கன்று மெட்ராசுக்குப் போகும். மாடு இங்கேயே நிற்கும்.

"காளைக் கன்னு சார், எப்டியும்..." என்று முனுசாமி ஆரம்பித்தார். அவர் காலை மிதித்தேன். பூட்ஸ் கால். அவருக்கு ஒன்றும் உறைக்கவில்லை. ஆனால் நான் மிதித்ததில் திகைத்துப்போய் நிறுத்திவிட்டார்.

எஸ்தர் அதிகாரியை மேலும் கீழும் பார்த்தார்.

"இன்னா சார் கேக்கற? இன்னிக்கிப் பொறந்தத இன்னிக்கே எவனாச்சும் விப்பானா? மொதல்ல அதுக்குக் காலு நிக்கட்டும்."

"இன்னிக்கு விக்கறதா இல்ல" என்று அதிகாரி மெதுவாகத் தனக்குள் சொல்லிக்கொண்டார். "விற்பனை இல்லேன்னா வர்த்தகம் இல்ல. வர்த்தகம் இல்லேன்னா..." புல்லையும் முள்கம்பியையும் ஏரியையும் ஒரு சுற்றுப் பார்த்தார். "இந்த எடம் இந்தியாதான்."

"எவ்வளவு நேரத்துக்கு சார்?" என்று கேட்டேன். எனக்கு அது தெரிய வேண்டியிருந்தது.

"மாடு போற வரைக்கும்."

முனுசாமி கன்றைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டார். கீழ் இரண்டு கம்பிகளை நானும் வரதராஜனும் மிதித்துப் பிடித்தோம், மேல் கம்பிகளை அதிகாரி தூக்கிப் பிடித்தார். அவ்வளவு நேரம் அசையாத மாடு, கன்றின் பின்னால் தானாக நடந்து வெளியே போனது. இதை எந்தத் தாளில் எழுத வேண்டும் என்று கேட்டேன். "கொஞ்ச நேரம் சும்மா இருங்க சார்" என்றார் அதிகாரி.

5. சீம்பால்

டாக்டர் வந்து கையைவிட்டு நஞ்சை எடுத்தார், ஊசி போட்டார், இரவே மாடு வைக்கோல் தின்றது என்று மறுநாள் காலை முனுசாமி சொன்னார். அந்த இரவு முழுக்க நான் தூங்கவில்லை. மாட்டை நினைத்துப் பாதி, கேமராவை நினைத்துப் பாதி. கேமராவைப் பற்றி யாரும் கேட்கவில்லை. பின்பக்கக் கேமராவுக்கு இணைப்பே கொடுக்கப்படவில்லை என்று பிற்பாடு தெரிந்தது.

இதிலிருந்து நான் தெரிந்துகொண்டதை இந்த வேலைக்கு வருகிறவர்களுக்குச் சொல்லி வைக்கிறேன். அலுவலகம் உங்கள் கையில் ஒரு பெரிய சொல்லைக் கொடுத்தால், வெளிநாடு, மண்டலம், எல்லை, எதுவானாலும் சரி, 'எதற்காக?' என்று உடனே கேளுங்கள். நான் 'எந்த நாடு?' என்று கேட்டு ஒரு வருடத்தை வீணாக்கினேன். ஓர் இடம் வரிக்கு வெளிநாடாக இருக்கலாம், ஓட்டுப் போட உள்ளூராக இருக்கலாம், மாட்டுக்குப் புல்லாக இருக்கலாம். மூன்றும் ஒரே சர்வே நம்பரில் நிற்கும். யாருடைய காரியத்துக்காக அந்தச் சொல்லைச் சொல்கிறார்கள் என்று தெரியாமல் அதைக் கேட்டில் மாட்டி வைத்தால், நம் வீட்டுத் தென்னை மரம்கூட கடல் கடந்து தெரியும்.

அடுத்த நாள் எஸ்தர் ஒரு தூக்குச் சட்டியோடு கேட்டுக்கு வந்தார். வெல்லமும் ஏலக்காயும் போட்டு வேகவைத்த சீம்பால். எங்கள் நான்கு பேருக்கும் என்றார். முனுசாமி தடுப்புக் கம்பியைத் தூக்கவில்லை. "இரு எஸ்தரக்கா. உள்ள போனா ஏத்துமதி. சாரக் கேட்டுக்கறேன்."

அதிகாரி அறையிலிருந்து வெளியே வந்தார். "விக்கறதுக்கா?"

"துன்றதுக்கு சார்."

"அப்ப தாராளமா உள்ள கொண்டாங்க. ஒண்ணும் தாள் வேணாம்."

நான் தட்டு எடுக்கத் திரும்பினேன். வரதராஜன் என் கையைப் பிடித்து நிறுத்தினார். புதுச் சட்டை போட்டிருந்தார்.

"வேணாம் சார், எதுக்கு வம்பு?" என்று சொல்லிக்கொண்டே குனிந்து தடுப்புக் கம்பிக்கு அந்தப் பக்கம் போனார். "இந்தியாவுலயே சாப்பிட்டுடுவோம்."