என் கேதத்துக்கு நானே போனேன்

மாட்ரிட்டில் எங்கள் தெருவில் ரொட்டிக்கடை வைத்திருக்கும் அம்மாள், காலையில் ரொட்டியைக் காகிதத்தில் சுற்றிக்கொண்டே, "நேற்று ரொம்ப நன்றாகச் செத்தீர்கள்" என்றார். நானும் நன்றி சொல்லி வாங்கிக்கொண்டேன். எங்கள் ஊர் போடியில் விடிந்ததும் ஒருத்தரிடம் இப்படிச் சொன்னால் கைகலப்பாகிவிடும். இங்கே அது பாராட்டு. முந்தின நாள் நான் நடித்த படம் டிவியில் ஓடியிருக்கிறது.

போடியில் ஏலக்காய் மூட்டைகளை ஜீப்பில் லோடு ஏற்றிக்கொண்டிருந்த நான்தான் இங்கே ஸ்பானிஷ் படங்களில் நடிக்கிறேன். ஓட்டலில் பாத்திரம் கழுவ வந்த என் மூஞ்சியைப் படத்துக்கு ஆள் தேடி வந்த ஒருவர் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "எந்த நாட்டுக்காரன் என்றே தெரியவில்லை, அருமை" என்று கூட்டிப்போனார். அன்றிலிருந்து மொராக்கோக்காரன், பெரு நாட்டுச் சுரங்கத் தொழிலாளி, ஜிப்சி, கியூபா சமையல்காரன் என்று உலகத்தையே சுற்றிவிட்டேன். எனக்கு வேலை பிடித்துத் தருகிறவர் என்னைப் பன்முக நடிகன் என்று சொல்லி விற்கிறார். போடிக்காரனாக நடிக்க மட்டும் ஒருத்தரும் கூப்பிட்டதில்லை. எந்த நாட்டுக்காரனாக இருந்தாலும் படம் பாதி தாண்டுவதற்குள் செத்துவிடுவேன். கதாநாயகனுக்குக் கோபம் வர வேண்டுமில்லையா.

ஒரு படத்தில் என்னை ஆப்கானியனாக்கிப் பனியில் சுட்டுப் போட்டார்கள். "கடைசி வார்த்தையை உங்கள் மொழியில் சொல்லுங்கள்" என்றார் இயக்குநர். என் மொழி எது என்று அவர் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. "ஆத்தா, எங்க இருக்க, ஆத்தா" என்று முனகிவிட்டுக் கண்ணை மூடினேன். திரையில் அதற்குக் கீழே, "என் சாவுக்குப் பழி வாங்குங்கள்" என்று ஸ்பானிஷில் போட்டிருந்தார்கள். விழுந்து விழுந்து சிரித்தேன். சிரித்த கையோடு அந்தக் காட்சியை மட்டும் வெட்டி அக்காவின் போனுக்கு அனுப்பினேன்.

ஆத்தாவுக்கு அப்போதே நினைவு தடுமாறத் தொடங்கியிருந்தது. நான் ஸ்பானிஷில் செத்த சாவுகளை எல்லாம் அவள் லட்சியமே செய்ததில்லை. இந்தத் தடவை அவளைக் கூப்பிட்டுவிட்டுச் செத்திருந்தேன். அக்கா போனில் அழுதாள்: "பாண்டி, நீ உசுரோட இருக்கன்னு சொன்னா நம்ப மாட்டேங்குதுடா. போன்ல பேசுனா வேற எவனோங்குது. நேர்ல வந்து நில்லு."

நேரில் நின்றால் தீர்ந்துவிடும் என்று நம்பித்தான் கிளம்பினேன். போடி பஸ் ஸ்டாண்டில் அக்கா வீட்டுக்காரர் வண்டியோடு நின்றார்.

"என்ன மாப்ளே, செத்ததுக்கப்பறம் சதை போட்டிருக்க. வெரசா ஏறு, ஒனக்குக் கருமாதி எப்பன்னு கேட்டுக்கிட்டிருக்கு ஒங்காத்தா."

சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்த ஆத்தா, என்னைப் பார்த்ததும் இரண்டு கைகளையும் நீட்டினாள். பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். என் கையைப் பிடித்துக்கொண்டு, கேதம் கேட்க வந்தவரிடம் அழுகிற மாதிரியே அழுதாள்.

"வந்தியா அப்பு. எம்மவனப் பனிக்குள்ள போட்டுட்டாங்களே."

"ஆத்தா, நாந்தான் பாண்டி."

"அவன மாதிரியே பேசுற அப்பு. பேசாத, நெஞ்சு வெடிக்குது."

ஊரில் இருந்த நாளெல்லாம் முயன்றேன். சின்ன வயதில் ஏலத்தோட்டத்துக்கு அவளோடு போய்ச் சரிவில் உருண்டு வாங்கிய முழங்கால் தழும்பைக் காட்டினேன். தடவிப் பார்த்து, "அவனுக்கும் இங்கனதான் இருந்துச்சு" என்று கூடுதலாக அழுதாள். உலகத்து மனிதர்களாக எல்லாம் நடித்தவனுக்கு, பாண்டியாக நடிக்க வரவில்லை.

கிளம்ப வேண்டிய நாளும் வந்தது. ஆத்தா மெதுவாகக் கேட்டாள்: "நீ அங்கனதான இருந்த? கடைசில தண்ணி கேட்டானா?"

அக்கா வாயைத் திறந்தாள். நான் வேண்டாம் என்று தலையசைத்தேன்.

"கேட்டான் ஆத்தா. நாந்தான் ஊத்துனேன்."

"தூக்க ஆளு இருந்துச்சா?"

"நெறைய இருந்தாக. போர்வை போத்திவிட்டு, சூடாக் காப்பி குடுத்து..."

மச்சான் இருமினார். படப்பிடிப்பில் நடந்ததை அப்படியே உளறிவிட்டேன். ஆத்தா கவனிக்கவில்லை. வந்ததிலிருந்து முதல் தடவையாக அவள் அழுகை நின்றிருந்தது. முந்தானையால் என் முகத்தைத் துடைத்துவிட்டாள்.

"ஒங்காத்தா இருக்காளா அப்பு?"

"இருக்கா."

"அப்ப இங்கன என்ன சோலி ஒனக்கு? வெரசாப் போயி அவ கண்ணுல படு."

எழுந்தேன். 'போயிட்டு வர்றேன்' என்று நாக்கு வரைக்கும் வந்துவிட்டது. சாவு வீட்டில் அப்படிச் சொல்லிக்கொண்டு கிளம்பக் கூடாது. ஆத்தாவும் முறை தெரிந்தவள். என்னை வழியனுப்பாமல் முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டாள். பையை எடுத்துக்கொண்டு படியிறங்கினேன். அவள் போய்ப் பார்க்கச் சொன்ன ஆத்தா என் முதுகுக்குப் பின்னால் உட்கார்ந்திருக்க, நான் மதுரை பஸ்சைப் பிடிக்க நடந்துகொண்டிருந்தேன்.