விறாந்தை இல்லாத வீடு

"ராத்தா மௌத்தாயிட்டா. கோபத்திலை வராமல் இருந்துடாதேங்கோ" என்றார் நஸீமா ராத்தாவின் தங்கை. உயிலங்குளத்தில் வயலுக்குத் தண்ணீர் கட்டிக்கொண்டு நின்ற நான், சாவுச் செய்தி கேட்டு, தொலைபேசியும் கையுமாக வரம்பிலேயே உட்கார்ந்துவிட்டேன். கோபித்துக்கொண்டு போனவன் நான். ராத்தா ஏசுவாரே தவிர, என்னோடு ஒருநாளும் கோபித்ததில்லை.

உப்புக்குளத்து நஸீமா ராத்தாவின் ஆவணப்படங்களைப் பார்த்தவர்களுக்கு அந்தப் பள்ளிக்கூட வெண்கட்டிப் பெட்டி நினைவிருக்கும். பேட்டி எடுப்பதெல்லாம் அவருக்குப் பிடிக்காது. ஊரைவிட்டுப் போக நேர்ந்தவர்களின் கையில் ஒரு வெண்கட்டியைக் கொடுத்து, "உங்கட பழைய வீட்டைக் கீறுங்கோ" என்பார். அவர்கள் சீமெந்துத் தரையில் வீட்டை வரைய வரைய, ராத்தா கமெராவோடு குந்தியிருப்பார். ஒலிப்பதிவு என் வேலை.

இலுப்பைக்கடவையில் ஓர் ஐயா கிணற்றைக் கிழக்கே கீறினார். "அது மேற்கை. தண்ணி அள்ளினது நானா நீங்களா?" என்று அவர் மனைவி சண்டைக்கு வந்துவிட்டார். புருஷன் பெண்சாதி சண்டை நமக்கெதற்கு என்று, பெரிய புத்திசாலியாக, நான் ஒலிப்பதிவு மெசினை நிறுத்தினேன். திரும்பி வரும் வழியெல்லாம் ராத்தாவின் ஏச்சு. "வீடு எங்கை இருந்ததெண்டு அரசாங்கக் கந்தோர் வரைபடம் சொல்லும் தம்பி. எனக்கு அந்தச் சண்டைதான் வேணும்." ஏசி முடித்ததும் தேத்தண்ணி வாங்கித் தந்தார். அது அவர் வழக்கம்.

கடைசியில் என் முறை வந்தது. ராத்தாவின் அறைத் தரையில், போரில் அழிந்த எங்கள் வீட்டைக் கீறினேன். அம்மா சமைக்கும் குசினி, சாமியறை, மாட்டுக்கொட்டில் எல்லாம் கீறினேன். ராத்தா வீட்டின் முன்பக்கத்தை விரலால் தொட்டுக் காட்டினார்.

"விறாந்தை இல்லாத வீடா தம்பி? அண்ணா எங்கை படுத்தவர்?"

வெண்கட்டியை எறிந்துவிட்டு வெளியேறினேன். எங்கள் வீட்டில் அண்ணாவின் பேரை யாரும் எடுப்பதில்லை. காணாமல்போனவரைத் தேடிக் களைத்த பிறகு அம்மா போட்ட கட்டளை அது. அதை மீறி ராத்தாவிடம் மட்டும் ஒருதரம் சொல்லியிருந்தேன். படத்தில் உன் வீடு மட்டும்தான் மிச்சம் என்று ராத்தா எத்தனையோ தரம் சொல்லியனுப்பினார். படுக்கையில் விழுந்துவிட்டார் என்று கேள்விப்பட்டும் நான் போகவில்லை. என்னை நானே மன்னிக்க முடியாத காரியம் அது.

அடக்கம் முடிந்த பிறகு தங்கை என்னை அந்த அறைக்குக் கூட்டிப்போனார். நடுவில் ஒரு மேசை கிடந்தது. "இதுக்குக் கீழை ராத்தா ஒருத்தரையும் கூட்டித் துடைக்க விடயில்லை" என்று அதை நகர்த்தினார். என் வீடு அப்படியே இருந்தது. உடைந்த வெண்கட்டி ஒரு தேங்காய்ச் சிரட்டையில் இருந்தது. முழந்தாளிட்டு விறாந்தையைக் கீறினேன். யாராவது வந்தால் தான்தான் முதலில் எழும்பவேண்டும் என்று அண்ணா வாசலோடுதான் படுப்பார். அங்கிருந்துதான் அவரைப் பிடித்துக்கொண்டுபோனார்கள். அழுதேன், ராத்தா. நன்றாக அழுதேன்.

மிச்ச வெண்கட்டியை எடுத்து வந்தேன். ராத்தாவின் சொத்தில் என்னிடம் இருப்பது அதுதான். நேற்று அதை அம்மாவின் கையில் கொடுத்து, மெசினை ஓடவிட்டு, வீட்டைக் கீறச் சொன்னேன். அம்மா முதலில் கீறியது விறாந்தையை. அண்ணாவின் தலைமாடு எந்தப் பக்கம் என்பதில் எங்களுக்குள் சண்டை வந்துவிட்டது. நான் மெசினை நிறுத்தவில்லை.