புகை நின்றால் படகு வரும்

ஃபீனிக்ஸ் பே படகுத்துறையில் யாரோ கொசுவுக்காகத் தேங்காய் மட்டையைப் பற்றவைத்திருந்தார்கள். அந்தப் புகை மூக்கில் ஏறியதும், ஐம்பது வயதுக்காரன் நான், காரணமில்லாமல் பையைத் தூக்கிக்கொண்டு எழுந்து நின்றேன்.

அந்த வாசனைதான் எங்கள் தீவு. யாரோ ஒரு முதலாளியின் தென்னந்தோப்பு, காவலுக்கு எங்கள் குடும்பம் மட்டும். இன்று அதன்மேல் கடல் கிடக்கிறது. நாள் முழுக்கக் கொப்பரைச் சூளை புகைந்துகொண்டே இருக்கும். அந்தப் புகை தெரிகிறவரை நாங்கள் நலம், நின்றால் ஆபத்து, உடனே படகை எடு என்று அக்கரையிலிருந்த வங்காளி மீனவரோடு ஏற்பாடு. அப்போது சிறுவனான எனக்கோ, அப்பா கரைக்குப் போன நாளெல்லாம், தேங்காய் விழுவதும் ஓலை சரசரப்பதும் அலை புரளுவதும் கடல் முதலை வருகிற சத்தம்தான்.

"அம்மா, முதல பிடிச்சாலும் புகை வருமே, யாரு வருவா?"

"பிடிக்கட்டும், சூளைய அணைச்சிர்றேன்."

"அணைச்சும் வரலேன்னா?"

ஒரு மதியம் பொறுமை தீர்ந்து, அம்மா சூளையில் தண்ணீரை ஊற்றியே விட்டாள். கொஞ்ச நேரத்தில் மூச்சிரைக்கத் துடுப்புப் போட்டு வந்து சேர்ந்தார் மீனவர்.

"அரே பாபி, க்யா ஹுவா?" என்ன ஆச்சு அண்ணி என்று இந்தியில் பதறினார்.

"குச் நஹீ பாய், ஒண்ணுமில்ல, நீங்க வருவீங்களான்னு இந்தப் பயலுக்குச் சந்தேகம். சாய் குடிங்க."

அவர் தலையிலடித்துக்கொண்டு சிரித்தார். அன்றிரவாவது நான் நிம்மதியாகத் தூங்கியிருக்க வேண்டும். தூங்கவில்லை: அடுத்த முறை நிஜமாகவே முதலை வந்து புகை நின்றால், பாபி மறுபடி சாய் போடுகிறாள் என்றல்லவா அந்த மனிதர் நினைப்பார்?